பச்சை வளையம்

திருச்சி,
ஆகஸ்ட் 3, 2008

அன்புள்ள அண்ணனுக்கு,

இயேசுவுக்கே புகழ். இங்கே எல்லாப் பெண்களும் கடிதத்தை இப்படித்தான் தொடங்குகிறார்கள், நானும் தொடங்கிவிட்டேன். இனி வருவது என் சொந்தக் கோபம்.

அம்மா எழுதிய கடிதத்தின் அடியில் நீ இரண்டு வரி கிறுக்கியிருந்தாய். "பாசிச் சட்டைய வித்துட்டேன். செம்பருந்து செட்டு போட்டிருக்கேன், சூப்பரா இருக்குது." அவ்வளவுதான். நான் வீட்டைவிட்டு இங்கே கன்னியர் மடத்துக்கு வந்து இரண்டு மாதம் முடிந்திருக்கிறது. சாப்பிட்டாயா, இடம் பிடித்திருக்கிறதா என்று ஒரு வார்த்தை இல்லை. சட்டையை விற்றுவிட்டாயாம்.

யாரைக் கேட்டு விற்றாய்?

சித்தப்பா சிங்கப்பூரிலிருந்து அந்தப் பி.எஸ்.பி. கேம் மெஷினைக் கொண்டுவந்தபோது ரெண்டு பேருக்கும் சேர்த்துத்தான் என்று சொல்லிக் கொடுத்தார். மறந்துபோனாயா? உள்ளே இருந்தது ஒரே ஒரு வேட்டை கேம், அதுவும் முழுக்க ஜப்பான் எழுத்து. அதில் இருக்கிற வேட்டைக்காரி ஒருத்திதான், ஆன்ஜூ. என் பெயரில் பாதி, உன் பெயரில் பாதி. காலையில் நான் பொம்மைக்குக் கண் எழுதக் கிளம்பும்வரை அவள் என் கையில், சாயங்காலம் நீ செராமிக் கம்பெனியிலிருந்து வந்தால் உன் கையில். மிருகத்தை அடித்து, தோலையும் எலும்பையும் எடுத்துக் கொல்லனிடம் கொடுத்து, தொப்பி, சட்டை, கையுறை என்று அவளுக்குச் செய்து போட்டோம். எதைப் போட்டால் என்ன திறமை வரும் என்று படிக்க வழியில்லை. போட்டுப் பார்த்து, அடிபட்டுப் பார்த்து, நாமே பெயர் வைத்தோம்.

பாசி ஆமையின் சட்டையில் மூன்று திறமை வரும்படி நான் சேர்த்திருந்தேன். காது: மிருகம் கத்தினால் காதைப் பொத்திக்கொண்டு நிற்க மாட்டாள். கால்: ஓடினால் மூச்சு வாங்காது. வளையம்: மருந்து குடித்தால் அவளைச் சுற்றிப் பச்சையாக ஒரு வட்டம் விரியும், மருந்து இன்னும் நன்றாகப் பிடிக்கும். ஒவ்வொரு திறமைக்கும் பத்துப் புள்ளி சேர வேண்டும், ஒன்பது வந்தால்கூட அது தூங்கும். அதற்காகத் தொப்பியை மாற்றி, சட்டையில் இருக்கிற ஓட்டைகளில் மணிகளை மாற்றி மாற்றிச் செருகி, எத்தனை காலை போராடியிருப்பேன். அந்தச் சட்டைக்கு ஆமையின் வயிற்றுக் கல் வேண்டும். அந்தச் சனியன் பிடித்த ஆமை லேசில் கல்லைத் தராது. ஒரு மழைக்காலம் முழுக்க அடித்து வாங்கினேன். அதைத்தான் நீ விற்றிருக்கிறாய்.

வருகிற மே மாதம் சில நாள் வீட்டுக்கு அனுப்புவார்கள். திரும்பி வந்ததும் வெள்ளை உடுப்பு தந்து, புதிதாகக் கன்னியாஸ்திரீ ஆகிறவர்கள் இருக்கிற நவகன்னியர் இல்லத்தில் சேர்த்துக்கொள்வார்கள். அதற்குப் பிறகு கேமும் கிடையாது, ஒன்றும் கிடையாது. போகிறதுக்கு முன்னால் ஒரே ஒரு தடவை அந்தக் கரிச்சட்டி மிருகத்தை அடித்துக் கொல்ல வேண்டும் என்று இருந்தேன். நாம் இதுவரை கொல்லாதது அது ஒன்றுதான். அந்தச் சட்டை இல்லாமல் அதன் பக்கத்தில்கூடப் போக முடியாது.

மீதி இருக்கிற எதையும் தொடாதே.

இன்னொன்று. உடுப்பு தரும் அன்றைக்கு, பூசை நடுவில், அந்த வெள்ளை உடுப்பைத் தட்டில் வைத்து வீட்டிலிருந்து ஒருவர் பீடத்துக்கு எடுத்து வர வேண்டும். யார் வருவார் என்று சிஸ்டர் இப்போதே பெயர் கேட்டார். உன் பெயரைக் கொடுத்திருக்கிறேன். உன் கடிதம் வருவதற்கு முந்தின நாள் கொடுத்தது.

ஆன் மேரி


விருத்தாசலம்,
19.8.2008

மதிப்புக்குரிய சிஸ்டர் ஆன் மேரி அவர்களுக்கு,

இன்னும் சிஸ்டர் ஆகவில்லையா? இங்கே ஊரே ஆகிவிட்ட மாதிரிதான் பேசுகிறது. பாலக்கரை டீக்கடையில் அப்பாவுக்கு உட்கார இடம் கொடுக்கிறார்கள். நான் போனால் "சிஸ்டரோட அண்ணன் வந்துட்டாரு" என்கிறார்கள். இருபத்துரெண்டு வயசு வரைக்கும் எனக்கு ஒரு பெயர் இருந்தது.

யாரைக் கேட்டு விற்றேன் என்று கேட்கிறாய். நல்ல கேள்வி. நானும் ஒன்று கேட்கிறேன். யாரைக் கேட்டுப் போனாய்?

மே மாதம், ஞாயிறு ரெண்டாம் பூசை. நான் வழக்கம்போல வாசல் தூண் பக்கம் நிற்கிறேன். ஃபாதர் மைக்கில் அறிவிப்பு வாசிக்கிறார். கோயில் வெள்ளையடிப்பு, ஞானோபதேச வகுப்பு, அப்புறம் நம் பங்கைச் சேர்ந்த செபாஸ்டியன், உபகாரமேரி இவர்களின் மகள் கன்னியர் மடத்தில் சேருகிறார், எல்லாரும் கைதட்டுங்கள் என்கிறார். எல்லாரும் தட்டினார்கள். நானும் தட்டினேன். தட்டிக்கொண்டு இருக்கும்போதுதான் அது நம் வீட்டுப் பெண் என்று மண்டையில் ஏறியது. என் கை அப்படியே நின்றுபோனதைப் பக்கத்தில் கலியமூர்த்தி அண்ணன் பார்த்துவிட்டு, "என்னா ஜூடு, உனக்கே தெரியாதா?" என்றார். அந்த ஆள் யாரோ கூப்பிட்டார்கள் என்று பூசை பார்க்க வந்தவர்.

அன்றைக்குக் காலையில்கூடத் தொப்பி ஓட்டையில் எந்த மணி வைப்பது என்று என்னிடம் சண்டை போட்டாய். ஒரு மணிக்கு என்னைக் கேட்கத் தெரிந்தது. ஆயுசு முழுக்க என்ன உடுத்தப் போகிறாய் என்று சொல்லத் தெரியவில்லை.

ஆமாம், விற்றேன். வேண்டுமென்றுதான் விற்றேன். அது சண்டை போடுகிற செட்டே இல்லை. ஓடு, ஒளிந்துகொள், மருந்து குடி, இதுதான் உன் செட்டு. கேடயத்தைப் பிடித்துக்கொண்டு ஈட்டியால் குத்திக் குத்தி ஒரு மிருகத்தைக் கொல்வதற்குள் எனக்குக் கொட்டாவி வந்துவிடும். இப்போது பெரிய வாள் எடுத்திருக்கிறேன். செம்பருந்து செட்டில் அடி பலமாக விழுகிறது. அது மட்டும் இல்லை. மற்றத் திறமை எல்லாம் திரையில் வெள்ளை எழுத்தில் வரும், இதில் ஒன்று சிவப்பு எழுத்தில் வருகிறது. எவ்வளவு பெரிய திறமையாக இருந்தால் சிவப்பில் போடுவான். போன வாரம் உன் வெள்ளைக் குரங்குக்கு விஷம் வைத்தேன், தூங்க வைத்தேன், தூங்கும்போதே வாலை அறுத்துத் தலையில் ஒன்று போட்டேன். முடிந்தது கதை.

தட்டு எடுக்க வேறு ஆளைப் பார். என் பெயரை அடித்துவிடு. கைதட்டினதே போதும்.

ஜூடு


திருச்சி,
செப்டம்பர் 14, 2008

அண்ணா,

இங்கே வருகிற கடிதத்தைப் பொறுப்பு சிஸ்டர் பிரித்துப் படித்துவிட்டுத்தான் கொடுப்பார். உன் கடிதத்தையும் படித்துவிட்டார்.

என்னைக் கூப்பிட்டு எதிரே உட்கார வைத்து, கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, மெதுவாகக் கேட்டார். "உங்க அண்ணன் யாருக்கும்மா விஷம் வெச்சாரு?" விளையாட்டு என்றேன். எந்த ஊர் விளையாட்டில் விஷம் வைத்துத் தூங்கும்போது அறுப்பார்கள் என்றார். வீட்டில் யாராவது குடிப்பார்களா, அண்ணனுக்கு உடம்பு சரியில்லையா என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். கடைசியில் ஒரு தாள் வாங்கிப் படம் வரைந்து காட்டினேன். ஆமை, சட்டை, ஓட்டை, மணி. அவர் ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, இங்கே ஒரே ஒரு வெள்ளை உடுப்புதான், அதில் ஓட்டை இருந்தால் தைத்துப் போட்டுக்கொள்ள வேண்டும் என்றார். வெளியே வந்தால் பெண்கள் எல்லாம் வாயைப் பொத்திக்கொண்டு நிற்கிறார்கள். உன்னால் எனக்கு வந்த மரியாதை இது.

கோயில் விஷயத்துக்கு வருகிறேன். ஃபாதர் அடுத்த வாரம்தான் சொல்வேன் என்று சொல்லியிருந்தார், அந்த வாரமே சொல்லிவிட்டார். என்னையும் யாரும் கேட்கவில்லை. அந்த வாரம் முழுக்க உன்னிடம் சொல்லத்தான் பார்த்தேன். வாயைத் திறந்தால் நீ பி.எஸ்.பி.யை வாங்கிக்கொண்டு சுவர் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொள்வாய். சரி, அதுகூடப் பொய். உண்மையைச் சொல்கிறேன். சொன்னால் நீ போகாதே என்பாய். ஒரு வார்த்தைதான் சொல்வாய். அப்பா சொன்னாலும் அம்மா அழுதாலும் நான் போயிருப்பேன். நீ சொன்னால் நின்றிருப்பேன். அதனால்தான் சொல்லவில்லை. போதுமா?

இப்போது உன் செட்டு. சிவப்பு எழுத்தைப் பார்த்து மயங்கியிருக்கிறாயே, மண்டையில் என்ன களிமண்ணா? நான் ஒரு தடவை குரங்குத் தொப்பி போட்டபோது அதே மாதிரி சிவப்பு எழுத்து வந்தது. அன்றைக்கு ஆன்ஜூ சும்மா சூட்டில் நடந்தாலே திரையில் அவள் உயிரைக் காட்டுகிற ரத்தக் கோடு இறங்கியது. உடனே கழற்றி வீசினேன். சிவப்பு என்றால் அது நமக்கு எதிரான திறமை. செம்பருந்தில் ஒரு பக்கம் புள்ளி ஏறினால் இன்னொரு பக்கம் இறங்குகிறது, அது உன் கண்ணில் படவில்லை. அடி பலமாக விழும், சரி. உன் மேல் விழுகிற அடி?

அவ்வளவு சூப்பர் செட்டு என்றால் கரிச்சட்டியிடம் போ. போய்விட்டு வந்து எழுது.

உன் பெயரை நான் அடிக்கவில்லை.

ஆன்


விருத்தாசலம்,
9.11.2008

ஆனுக்கு,

மழை விட்ட பாடில்லை. அச்சு எதுவும் காயாததால் கம்பெனியில் வேலை இல்லை. மாரியம்மாள் அக்கா உன் இடத்தில் உட்கார்ந்து கண் எழுதுகிறார். எல்லாப் பொம்மையும் ஒரே பக்கம் முறைக்கிறது.

கரிச்சட்டியிடம் போனேன். ஒரே அடி. திரும்பப் போனேன், ஒரே அடி. அது வாயைத் திறந்து கத்தினால் இவள் காதைப் பொத்திக்கொண்டு நிற்கிறாள், அது வந்து மிதிக்கிறது. எழுந்திருக்கவே விடுவதில்லை. சிரிக்காதே. இங்கே கரண்டு போகிற வேகத்தில் சார்ஜும் நிற்பதில்லை, வலது பக்கப் பட்டனும் சரியாக அழுந்துவதில்லை. அதற்காக உன் பாசிச் சட்டை உசத்தி என்று ஆகிவிடாது. காது வேண்டும், ஒத்துக்கொள்கிறேன். அந்த வளையம் எதற்கு? மருந்து மருந்துதான். அதற்குப் போய்ப் பத்துப் புள்ளியை வீணாக்கியிருக்கிறாய். அந்தப் புள்ளியை அடிக்கிற பலத்தில் போட்டிருந்தால் எப்போதோ கரிச்சட்டி செத்திருக்கும்.

போன கடிதத்தில் ஒன்று எழுதியிருந்தாய், அதைப் படித்த நாளிலிருந்து எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. நான் போகாதே என்று சொல்லியிருப்பேனாம். நீயே கேள்வி கேட்டு, நீயே பதில் சொல்லி, நீயே பஸ் ஏறிவிட்டாய். பார்த்துப் பார்த்து நீயாகவே பெயர் வைத்துக்கொள்ள நான் என்ன ஜப்பான் எழுத்தா? வாய் இருக்கிற மனுஷன். கேட்டிருக்கலாம்.

உன் சிஸ்டரிடம் சொல். எங்கள் வீட்டில் யாரும் யாருக்கும் விஷம் வைக்கவில்லை. சொல்லாமல் போவதுதான் எங்கள் வீட்டுப் பழக்கம்.

ஜூடு


திருச்சி,
டிசம்பர் 18, 2008

அண்ணா,

கிறிஸ்துமஸ் வாழ்த்து. குடிலுக்கு என் ஆட்டுக்குட்டிகளை எடுத்து வை, ஒன்றுக்குக் காது உடைந்திருக்கும், அதைப் பின்னால் வை. அம்மா முறுக்கு சுடும்போது பக்கத்தில் உட்கார்ந்து தின்று தீர்க்காதே.

வாய் இருக்கிற மனுஷன் என்று எழுதியிருந்தாய். எனக்கும் கோபம் வந்தது. அப்புறம் பார்த்தால் நீ சொன்னதும் சரிதான். அதனால் இப்போது கேட்கிறேன். தாமதம்தான், ஆனால் வெள்ளை உடுப்பு இன்னும் போடவில்லை.

நான் போகட்டுமா?

பதில் எழுது. சட்டை, மணி, கரிச்சட்டி எதுவும் வேண்டாம். இதற்கு மட்டும்.

ஆன்


விருத்தாசலம்,
27.1.2009

ஆனுக்கு,

கோணான்குப்பம் தேர் முடிந்தது. பாண்டிச்சேரியிலிருந்து அத்தை குடும்பத்தோடு வந்திருந்தார்கள். அத்தை மகன் ஜெரோமிடமும் இப்போது பி.எஸ்.பி. இருக்கிறது. அதே வேட்டை கேம், ஆனால் இங்கிலீஷில். ரெண்டு மெஷினையும் பக்கத்தில் வைத்து ஒரு பட்டனை அழுத்தினால் அவன் வேட்டைக்காரனும் ஆன்ஜூவும் ஒரே காட்டில் நிற்கிறார்கள். இத்தனை வருஷமும் அந்தக் காட்டில் நம்மைத் தவிர ஒரு ஆள் இருந்து நான் பார்த்ததில்லை.

முதலில் உனக்கு இனிப்பு. சிவப்பு எழுத்து கெட்டதுதான். செம்பருந்து போட்டால் வாங்குகிற அடி கூடுமாம். நீ சொன்னது சரி. ஆடாதே.

இப்போது கசப்பு. மீதி இருந்த உன் பாசித் தொப்பியையும் கையுறையையும் அவனிடம் காட்டி, வளையம் என்றால் என்ன என்று கேட்டேன். அவன் தன் மெஷினில் தேடிப் படித்துவிட்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். அது மருந்தைப் பலமாக்குகிற திறமை இல்லை, ஆன். அது பகிர்கிற திறமை. நீ மருந்து குடித்தால், அந்த வட்டத்துக்குள் கூட வேட்டையாடுகிற எல்லாருக்கும் ரத்தம் ஏறும். உனக்கு ஏறுவது எப்போதும் ஏறுகிற அளவுதான். தனியாக விளையாடுகிறவர்கள் யாரும் அதைத் தொட மாட்டார்களாம்.

"காட்ல ஒருத்தருமே இல்லாம யாருக்குடா மருந்து குடுத்துட்டு இருந்தீங்க?" என்றான் அவன்.

எனக்கு வந்த ஆத்திரத்தில் அவன் சட்டையைப் பிடித்துவிட்டேன். அத்தை வந்து விலக்கிவிட்டார். உன் செட்டைப் பற்றி நான் திட்டலாம், அவன் யார் சிரிக்க? ஆனால் அவன் போன பிறகு உன் மேல்தான் கோபம் திரும்பியது. ஒரு மழைக்காலம் முழுக்க ஆமையை அடித்து, கல் வாங்கி, புள்ளி எண்ணி, இல்லாத ஆளுக்கு மருந்து ஊற்றிக்கொண்டு இருந்திருக்கிறாய். பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தவனுக்கு ஒரு வார்த்தை சொல்லவில்லை.

ஜூடு


திருச்சி,
பிப்ரவரி 15, 2009

அண்ணா,

உன் கடிதத்தை ரெண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தேன். உறையைக் கிழித்து உள்ளேகூடப் பார்த்தேன். நான் கேட்டதற்குப் பதில் இல்லை. ஜெரோம் எப்படிச் சிரித்தான் என்று எழுத உனக்கு ஒரு முழுப் பக்கம் இருந்தது.

சிரிக்கட்டும். அவனுக்கு இங்கிலீஷில் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள், படித்துவிட்டுப் போடுகிறான். எனக்கு யார் எழுதிக் கொடுத்தார்கள்? எனக்குத் தெரிந்ததெல்லாம் கண்ணால் பார்த்தது. வளையம் விரிந்தபோது அழகாக இருந்தது. அது விரியும்போது இனி சாக மாட்டோம் என்று ஒரு தைரியம் வந்தது. அதற்காகத்தான் வைத்திருந்தேன். தப்பாகப் புரிந்துகொண்டது உண்மை. அதற்காக அதைக் கழற்ற மாட்டேன். இப்போது என்ன என்று தெரிந்த பிறகு நிச்சயமாகக் கழற்ற மாட்டேன்.

நான் என்ன சொல்லி என்ன, சட்டைதான் உன்னால் போய்விட்டதே. உன் இஷ்டம். தொப்பியையும் விற்றுக்கொள். கையுறையையும் விற்றுக்கொள். எல்லாவற்றையும் உருக்கி ஒரு பெரிய வாளாகச் செய்து வைத்துக்கொண்டு நீ ஒருத்தனே அடித்துக்கொண்டு இரு.

பக்கத்தில் உட்கார்ந்திருந்தவனுக்குச் சொல்லவில்லை என்று எத்தனை கடிதத்தில் எழுதுவாய்? தப்பு என்று எழுதிவிட்டேன். கேட்கவும் கேட்டுவிட்டேன். இனி என்ன செய்ய வேண்டும், முட்டி போட வேண்டுமா? அது இங்கே தினமும் போடுகிறேன்.

சிஸ்டர் நேற்று திரும்பவும் கேட்டார், தட்டு எடுக்க அண்ணன் வருவாரா என்று. வருவார் என்றேன். வரவில்லை என்றால் சமையலறையில் இருக்கிற வீரம்மாள் அக்கா எடுத்து வருவார்களாம். நல்லவர்கள்தான். ஆனால் அவர்களுக்கு என் பெயர் இன்னும் சரியாகத் தெரியாது, அனிஷா என்றுதான் கூப்பிடுகிறார்கள். அனிஷா எங்கள் கூட இருந்து போன வருஷமே ஊருக்குத் திரும்பிவிட்ட பெண். என் உடுப்பை அவளுடையது என்று நினைத்து ஒருவர் தூக்கி வருவதை நான் பீடத்தில் நின்று பார்க்க வேண்டும். பார்க்கிறேன், விடு.

ஆன் மேரி


விருத்தாசலம்,
12.4.2009

ஆனுக்கு,

ஈஸ்டர் வாழ்த்து. அம்மா நன்றாக இருக்கிறார். அப்பாவுக்கு மூட்டு வலி.

அந்த ஆமை ஒரு திருட்டு ஆமை. முகத்தில் குத்தினால் ஓடு தருகிறது. வாலில் அடித்தால் பாசி தருகிறது. பொறி வைத்து உயிரோடு பிடித்தால் கல் விழும் என்று ஜெரோம் ஃபோனில் சொன்னான், பிடித்தேன், அதற்கும் ஓடுதான். வீட்டில் ஓடு வைக்க இடம் இல்லை. தினமும் வேலை விட்டு வந்து அதன் முகத்தில்தான் முழிக்கிறேன். ஒரு கல்லைக் கொடுத்துத் தொலைத்தால் என்ன? எப்படித்தான் ஒரு மழைக்காலம் பொறுமையாக இருந்தாயோ. எனக்கு ரத்தம் கொதிக்கிறது.

ஜெரோமிடம் மன்னிப்பு எல்லாம் கேட்கவில்லை. மே மாதத்துக்கு அவன் மெஷினைக் கொடு என்றேன், கொடுத்துவிட்டான்.

என்றைக்கு வருகிறாய்?

ஜூடு


திருச்சி,
மே 6, 2009

அண்ணா,

பதினைந்தாம் தேதி காலை பஸ். வேப்பூரில் இறங்கி மாறுவேன். வந்து நிற்க வேண்டும் என்று ஒன்றும் இல்லை, வழி எனக்குத் தெரியும்.

கேட்டதற்குப் பதில் இன்னும் வரவில்லை. நினைவுபடுத்துகிறேன்.

ஆன்


விருத்தாசலம்,
19.5.2009

ஆனுக்கு,

உன்னை வேப்பூரில் பஸ் ஏற்றிவிட்டு, அங்கேயே ஒரு ஓட்டலில் பேப்பர் வாங்கி எழுதத் தொடங்கினேன், மீதியை வீட்டுக்கு வந்து எழுதுகிறேன். நேரில் இருந்த நாளெல்லாம் அம்மாவும் அப்பாவும் ஊர்ச் சனமும் உன்னைச் சுற்றியே உட்கார்ந்திருந்தார்கள். எனக்குக் கிடைத்தது அந்த ஒரு மத்தியானம்தான்.

கல் விழுந்ததை நான் உனக்கு எழுதவில்லை. மெஷினைத் திறந்து நீயே பாரேன் என்று விட்டுவிட்டேன். ஆன்ஜூ பாசிச் சட்டையோடு நிற்பதைப் பார்த்துவிட்டு நீ தொப்பியைச் சரி பார்த்தாய், மணிகளைச் சரி பார்த்தாய், ரெண்டாவது மணி தப்பு என்று மாற்றினாய். நன்றாக இருக்குது என்று ஒரு வார்த்தை வரவில்லை உன் வாயில். அந்தக் கல்லுக்கு நான் பட்ட பாடு அந்த ஆமைக்குத்தான் தெரியும்.

சரி, கரிச்சட்டி விஷயத்துக்கு வருகிறேன். அதைப் பற்றிக் கேட்காமல் விட மாட்டேன்.

நான் ஜெரோமின் வேட்டைக்காரனை எடுத்தேன், பெரிய வாள், முழுக்க அடி. நீ ஈட்டி, கேடயம். கரண்டு இல்லை, விசிறி இல்லை, வேர்வையில் மெஷின் வழுக்குகிறது. மூன்று தடவை விழுந்தால் வேட்டை முடிந்தது, நான் ஏற்கெனவே ஒரு தடவை விழுந்துவிட்டேன். கரிச்சட்டி கத்தியது, நான் காதைப் பொத்திக்கொண்டு நின்றேன், அது வாலைச் சுழற்றி என்னைச் சுவரில் அடித்தது. என் ரத்தக் கோட்டில் ஒரு நூல்தான் பாக்கி. மருந்துப் பை காலி. இனி ஒன்று விழுந்தால் போச்சு என்று நினைத்துக்கொண்டு இருக்கும்போதே கோடு ஏறுகிறது. நான் எதையும் குடிக்கவில்லை. பட்டனைக்கூடத் தொடவில்லை. அது பாட்டுக்கு ஏறுகிறது. என் காலடியில் பச்சையாக ஒரு வட்டம்.

திரும்பிப் பார்த்தால் நீ ஈட்டியை முதுகில் போட்டுவிட்டு, கேடயத்தையும் இறக்கிவிட்டு, நடுக்காட்டில் நின்று குடித்துக்கொண்டு இருக்கிறாய். கரிச்சட்டி உன்னை நோக்கி ஓடி வருகிறது. உனக்குத் தெரிகிறது. குடிக்கிறதை நிறுத்தவில்லை. உன் கோடு நிறைந்துதான் இருந்தது, ஆன். நான் உன் திரையைப் பார்த்தேன். உனக்கு மருந்தே தேவை இல்லை.

அது உன்னை மிதித்தது, நீ விழுந்தாய், நான் பின்னாலிருந்து வெட்டினேன், அது செத்தது. நாம் மூன்று வருஷமாகக் கொல்ல முடியாதது செத்துக் கிடக்கிறது, நான் சத்தம் போடக்கூட இல்லை. நீ சிரித்துக்கொண்டே மெஷினை என் மடியில் வைத்துவிட்டு அம்மாவுக்கு வெங்காயம் அரியப் போய்விட்டாய்.

யாரைக் கேட்டுக் குடித்தாய்? நான் கேட்டேனா? விழுந்தால் விழுந்துவிட்டுப் போகிறேன், இன்னும் ஒரு தடவை பாக்கி இருந்தது. அந்த நேரத்தில் நீ குத்தியிருந்தால் நீ விழுந்திருக்கவே வேண்டாம். இப்போதும் சொல்கிறேன், அது தப்பான செட்டு. எந்த வேட்டைக்காரனும் அப்படி ஒரு சட்டையைப் போட்டுக்கொண்டு கரிச்சட்டி முன்னால் போக மாட்டான்.

ஆனால் அன்றிலிருந்து நான் அந்தச் சட்டையைக் கழற்றவில்லை. நீ விட்டுப் போன மாதிரியே ஆன்ஜூ இருக்கிறாள். இனி தொட மாட்டேன்.

டிசம்பரில் ஒன்று கேட்டாய். வேப்பூரில் பஸ் கிளம்பும்போதும் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே இருந்தாய், நான் டிரைவரைப் பார்த்துக்கொண்டு நின்றேன். போ என்று என் வாயில் வராது. அதை என்னிடம் எதிர்பார்க்காதே. எனக்கு இன்னும் கோபம் போகவில்லை, போகும் என்றும் தோன்றவில்லை. காலையில் பி.எஸ்.பி.யைப் பிடுங்க ஆள் இல்லாமல் வீடு வீடாகவே இல்லை.

தட்டை நான் எடுத்து வருகிறேன். வீரம்மாள் அக்காவிடம் வேண்டாம் என்று சொல்லிவிடு. வேட்டி கட்ட வேண்டுமா, பேண்ட்டு போதுமா? தட்டு நாம் கொண்டுவர வேண்டுமா, அங்கேயே இருக்குமா? உடுப்பின் மேல் துணி போட்டு மூடி எடுத்து வர வேண்டுமா, திறந்தபடியா? எல்லாம் சிஸ்டரைக் கேட்டு எழுது. கேட்காமல் நீயே முடிவு பண்ணாதே.

ஜூடு